பிளாட்டியோசாரஸ் எத்தனை காலில் நடந்தது?

நீங்கள் கேட்டவை இரண்டு. வீட்டில் இருக்கும் படப்புத்தகத்தில் பிளாட்டியோசாரஸ் நான்கு கால்களையும் தரையில் ஊன்றி, தலையைக் குனிந்து மேய்கிறது. மகள் பார்க்கும் காணொளியில் அதே விலங்கு இரண்டு காலில் நடக்கிறது. எது சரி? இரண்டாவது, வெறும் எலும்பை மட்டும் வைத்துக்கொண்டு அது இலைதழை தின்றது என்று எப்படி அடித்துச் சொல்கிறார்கள்?

முதல் கேள்விக்கு உடனே பதில் சொல்லிவிடுகிறேன்: இரண்டு காலில். காணொளி சரி, புத்தகம் தவறு. ஆனால் அந்த ஓவியரைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. எலும்பைக் கையில் பிடித்திருந்த பேராசிரியர்களே இந்த விஷயத்தில் நூறாண்டுக்கு அருகில் தடுமாறினார்கள். அதுவும் எலும்பு கிடைக்காமல் அல்ல. ஒரு பல்லையும் பாதி விலா எலும்பையும் வைத்துப் பெயர் சூட்டப்பட்ட டைனோசர்கள் பல இருக்க, பிளாட்டியோசாரஸுக்கு மட்டும் எலும்புக்கூடுகள் குவியல் குவியலாகக் கிடைத்தன. அப்படியும் குழப்பம் தீர இவ்வளவு காலம் ஆயிற்று.

விலங்கை முதலில் அறிமுகம் செய்துவிடுகிறேன். ஏறத்தாழ 21 கோடி ஆண்டுகளுக்கு முன், டிரயாசிக் காலத்தின் பிற்பகுதியில், இன்றைய ஜெர்மனி, சுவிட்சர்லாந்து, பிரான்ஸ் இருக்கும் நிலப்பரப்பில் வாழ்ந்தது. அப்போது கண்டங்கள் பிரிந்திருக்கவில்லை. எல்லாம் பாஞ்சியா என்ற ஒரே பெருநிலம். சிறிய தலை, நீண்ட கழுத்து, பீப்பாய் போன்ற வயிறு, தடித்த நீளமான வால், வலுவான பின்னங்கால்கள், அவற்றைவிட மிகவும் குட்டையான கைகள். பெரியவை பத்து மீட்டர் நீளம் வரை வளர்ந்தன. எடை அரை டன்னுக்குச் சற்று மேலிருந்து நான்கு டன் வரை. திரைப்படங்களால் நமக்குப் பழகிப்போன டைரனோசாரஸோடு இதைச் சேர்த்து வரையும் படங்களை நம்ப வேண்டாம். இரண்டுக்கும் நடுவே ஏறத்தாழ 14 கோடி ஆண்டுகள் இருக்கின்றன. டைரனோசாரஸுக்கும் நமக்கும் இடையே உள்ள காலம் அதில் பாதிகூட இல்லை.

இதன் எலும்புகள் முதன்முதலில் 1834இல் நூரெம்பெர்க் நகருக்கு அருகில் ஹெரால்ட்ஸ்பெர்க் என்ற ஊரில் கிடைத்தன. எடுத்தவர் யோஹான் ஃபிரீட்ரிஷ் எங்கெல்ஹார்ட். மூன்று ஆண்டுகள் கழித்து ஹெர்மன் ஃபொன் மேயர் அவற்றை ஆராய்ந்து, பிளாட்டியோசாரஸ் எங்கெல்ஹார்டி என்று பெயரிட்டார். ஏன் அந்தப் பெயர் என்று அவர் விளக்கவில்லை. அதனால் அதன் பொருளைப் பற்றி இன்றுவரை ஆளுக்கொரு விளக்கம் சொல்கிறார்கள், 'அகன்ற பல்லி' என்பது பரவலானது. கவனியுங்கள், அது 1837. ரிச்சர்ட் ஓவன் 'டைனோசர்' என்ற சொல்லையே 1842இல்தான் உருவாக்கினார். அப்போது அவர் அந்தக் கூட்டத்தில் சேர்த்த மூன்று விலங்குகளில் பிளாட்டியோசாரஸ் இல்லை. அப்படி ஒரு வகை இருக்கிறது என்று உலகம் அறியும் முன்பே பெயர் பெற்று, பெயர் வந்தபின் பட்டியலில் இடம் பெறாமல் போன விலங்கு இது.

இதில் இன்னொரு வேடிக்கையும் உண்டு. ஹெரால்ட்ஸ்பெர்க்கில் கிடைத்த எலும்புகள் உடைந்தவை, அரைகுறையானவை. அவற்றை மட்டும் வைத்து இந்த விலங்கை மற்ற உறவு விலங்குகளிடமிருந்து பிரித்துக் காட்ட முடியாது என்ற சிக்கல் பின்னாளில் எழுந்தது. கடைசியில் 2019இல் பன்னாட்டு விலங்கியல் பெயரீட்டு ஆணையம் தலையிட்டு, டிராஸிங்கன் என்ற ஊரில் கிடைத்த முழுமையான எலும்புக்கூட்டை இந்தப் பேரினத்தின் அடையாள மாதிரியாக்கியது. பிளாட்டியோசாரஸ் டிராஸிங்கென்சிஸ்தான் இன்று அந்தப் பேரினத்தின் மாதிரி இனம். முதலில் கண்டெடுத்தவரின் பெயர் 182 ஆண்டுகளுக்குப் பிறகு இரண்டாம் வரிசைக்குப் போய்விட்டது.

இனி உங்கள் இரண்டாவது கேள்வி, சாப்பாடு. அதை முதலில் எடுத்துக்கொள்கிறேன், காரணம் இது பல்லில் தொடங்கித் தாடையில் முடியும் ஒழுங்கான விசாரணை.

இறைச்சி தின்னும் டைனோசரின் பல் கத்தி போன்றது: பக்கவாட்டில் தட்டையாக, பின்பக்கம் வளைந்து, ஓரத்தில் நுண்ணிய ரம்பப் பற்களோடு இருக்கும். பிளாட்டியோசாரஸின் பல் அப்படி இல்லை. வேர்ப்பகுதியில் குறுகி, நடுவில் அகன்று, நுனியில் மறுபடி குறுகும். ஓரத்தில் உள்ள ரம்பப் பற்கள் பெரிதாக, முரடாக, சாய்வாக மேல்நோக்கி நிற்கும். வேப்பிலையின் ஓரத்தைப் பார்த்தால் ஓரளவு புரியும். இதே வடிவப் பல் இன்று தென் அமெரிக்காவின் பச்சை இகுவானாவுக்கு இருக்கிறது. அது பெரும்பாலும் இலை தின்னும் பல்லி. பிளாட்டியோசாரஸின் மேல்தாடையில் ஒரு பக்கத்துக்கு முப்பதை ஒட்டியும், கீழ்த்தாடையில் சற்றுக் குறைவாகவும் இப்படிப்பட்ட பற்கள் வரிசையாக நின்றன.

பல் ஒரு சாட்சி. தாடை இன்னொரு சாட்சி, எனக்கு அதுதான் இன்னும் பிடித்தமானது. பாக்குவெட்டியை நினைத்துக்கொள்ளுங்கள். அதன் ஆணி வெட்டும் விளிம்போடு ஒரே கோட்டில் இருப்பதால், மூடும்போது ஆணிக்கு அருகில் உள்ள பகுதி முதலில் சேரும், நுனி கடைசியில் சேரும். இறைச்சி உண்ணிகளின் தாடை இப்படித்தான் வேலை செய்கிறது. துண்டிக்க அது ஏற்றது. பிளாட்டியோசாரஸில் தாடை மூட்டு பல்வரிசையைவிடத் தாழ்வாக இறங்கி இருக்கிறது. இதனால் வாய் மூடும்போது பல்வரிசை முழுவதும் ஏறத்தாழ ஒரே நேரத்தில் இலைமேல் அழுந்தும். பிடித்து, நசுக்கி, பிய்ப்பதற்கு இது வசதி. தாவர உண்ணிகள் பலவற்றில் இந்த ஏற்பாடு மறுபடி மறுபடி தோன்றியிருக்கிறது. ஆட்டையும் மாட்டையும் எடுத்துக்கொள்ளுங்கள், அவற்றின் தாடை மூட்டும் பல்வரிசையின் கோட்டில் இருக்காது.

ஆனால் ஆடு மாடு போல இது மென்றிருக்காது. மேல்பல்லும் கீழ்ப்பல்லும் உரசித் தேய்ந்த தடம் இந்தப் பற்களில் இல்லை. பறித்து, இரண்டு அழுத்து அழுத்தி, விழுங்கியிருக்கிறது. அரைக்கும் வேலையை வயிற்றில் கிடந்த கூழாங்கற்கள் செய்தன, கோழியின் அரைவைப்பை போல, என்று பழைய புத்தகங்கள் எழுதும். இதே வழியில் வந்த மாபெரும் நீள்கழுத்து டைனோசர்களைப் பற்றி, ஆலிவர் விங்ஸ், மார்ட்டின் சாண்டர் ஆகிய இருவரும் நெருப்புக்கோழிகளோடு ஒப்பிட்டு 2007இல் ஆராய்ந்து, அப்படி ஓர் அரவை ஏற்பாடு அவற்றுக்கு இல்லை என்ற முடிவுக்கு வந்தார்கள். மிஞ்சுவது அந்தப் பீப்பாய் வயிறு. இலையை நீண்ட நேரம் வைத்துப் புளிக்கவிட்டு, நுண்ணுயிர்களைக் கொண்டு நார்ச்சத்தை உடைக்க நீளமான குடல் வேண்டும். நீளமான குடலுக்குப் பெரிய வயிறு வேண்டும். விலா எலும்புகளின் அகலம் அதற்கு இடம் இருந்ததைக் காட்டுகிறது.

அது என்ன இலை? புல் இல்லை, ஏனெனில் பூமியில் அப்போது புல்லே கிடையாது. பூக்கும் செடியும் கிடையாது, ஆகவே பழமும் இல்லை. ஊசியிலை மரங்கள், சைக்கஸ் வகைகள், பெரணிகள், ஈர மண்ணில் வளரும் குதிரைவால் செடிகள். கழுத்து நீளமாக இருந்ததால் தரையில் உள்ளதையும் எட்டலாம், தலைக்கு மேல் உள்ளதையும் எட்டலாம். மற்ற தாவர உண்ணிகள் தரையோடு தரையாக மேய்ந்துகொண்டிருந்த அந்தக் காலத்தில் மேல்தட்டு இலைகளுக்குப் போட்டி குறைவு.

'அடித்துச் சொல்கிறார்கள்' என்று எழுதியிருந்தீர்கள். அவ்வளவு அடித்தும் சொல்லவில்லை. பால் பாரெட் என்ற ஆய்வாளர் 2000இல் ஒரு நல்ல இடையீடு செய்தார்: இகுவானாவைச் சான்றாகக் காட்டுகிறோம், ஆனால் இகுவானாவே வாய்ப்புக் கிடைத்தால் பூச்சியையும் சிறு உயிரையும் விடுவதில்லையே என்றார். ஆகவே முக்கிய உணவு தாவரம், எப்போதாவது எளிதில் சிக்கிய சிறு உயிர், என்று வைத்துக்கொள்வது நியாயம். இதற்கு வம்ச வரலாறும் துணை நிற்கிறது. பிரேசிலில் கிடைத்து 2016இல் விவரிக்கப்பட்ட பூரியோலெஸ்டெஸ் இதே வம்சத்தின் மிகப் பழைய கிளை, 23 கோடி ஆண்டுக்கும் மேற்பட்டது. அதன் பல் கத்திப் பல். உலகின் மிகப் பெரிய இலைதின்னிகளுக்கு மூதாதை ஒரு சிறிய இறைச்சி உண்ணி. அதிலிருந்து முழு சைவத்துக்கு வரும் வழியில் நடுத்தொலைவைத் தாண்டி நிற்பது பிளாட்டியோசாரஸ்.

இப்போது கால் விவகாரம். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஜெர்மனியின் ஹால்பர்ஷ்டாட் களிமண் குழியில் இவற்றை எடுத்த ஓட்டோ யேக்கல், முதலில் இது பல்லி போலக் கால்களைப் பக்கவாட்டில் விரித்து நான்கு காலில் ஊர்ந்தது என்றார். அடுத்த ஆண்டே மனம் மாறி, கங்காரு போலத் தத்தித் தத்திப் போனது என்றார். சக ஆய்வாளர் குஸ்டாவ் டோர்னியர் இதைக் கேலி செய்தார். ஆனால் அவரும் பல்லிக் கட்சிதான். டிராஸிங்கனில் முதல் அகழ்வை நடத்திய எபர்ஹார்ட் ஃபிராஸும் அதே பக்கம். டியூபிங்கனைச் சேர்ந்த ஃபிரீட்ரிஷ் ஃபொன் ஹூனா ஒருவர்தான், எலும்புகளைப் பொருத்திப் பார்த்து, இது நிமிர்ந்த பின்னங்கால்களில் நடந்த விலங்கு என்று உறுதியாகச் சொன்னவர். அவர் சொன்னது பெரும்பாலும் சரி. ஆனாலும் அதற்குப் பிறகு பல பத்தாண்டுகள், 'சில நேரம் இரண்டு கால், சில நேரம் நான்கு கால்' என்ற சமரசம்தான் புத்தகங்களில் ஓடியது. இரண்டு தரப்பையும் மனம் நோகாமல் வைத்திருக்கும் பஞ்சாயத்துத் தீர்ப்பு அது. உங்கள் படப்புத்தகம் அந்தக் காலத்துப் பிள்ளை.

முடிச்சை அவிழ்த்தது கை. உங்கள் முழங்கையை உடலோடு ஒட்டி வைத்து, உள்ளங்கையை மேல்நோக்கிக் காட்டுங்கள். இப்போது முழங்கையை அசைக்காமல் உள்ளங்கையைக் கீழ்நோக்கித் திருப்புங்கள். உங்கள் முன்கையில் உள்ள இரண்டு எலும்புகளில் ஒன்று மற்றதன் குறுக்கே உருண்டு போவதால்தான் இது முடிகிறது. பிளாட்டியோசாரஸின் முன்கை எலும்புகளின் முனைகளும் மூட்டுகளும் அப்படி உருள இடம் தரவில்லை. மேத்யூ போனன், ஃபில் சென்டர் இருவரும் 2007இல் இதைக் காட்டினார்கள். அதாவது அதன் உள்ளங்கைகள் எப்போதும் ஒன்றையொன்று பார்த்தபடியே இருக்கும், கும்பிடப் போகும் கைகள் போல. அந்தக் கையைத் தரையில் ஊன்றினால் விரல்கள் முன்னோக்கி நிற்காது, பக்கவாட்டில் நிற்கும். கட்டைவிரலின் பெரிய வளைந்த நகம் வேறு இடறும். அப்படி ஒரு கையால் உடலை முன்னே தள்ள முடியாது.

பிறகு ஹைன்ரிஷ் மாலிசன், டியூபிங்கனில் உள்ள எலும்புக்கூடு ஒன்றைக் கணினிக்குள் ஏற்றி, 2010இல் அதற்குத் தசையும் எடையும் கொடுத்து நடக்கவைத்துப் பார்த்தார். நீண்ட வால் பின்னால் பாரம் கொடுப்பதால் உடலின் எடை மையம் பின்னங்கால்களுக்கு மேலே வந்து அமர்ந்தது. விலங்கு முதுகைக் கிட்டத்தட்டக் கிடையாக வைத்துக்கொண்டு தடுமாறாமல் நின்றது. நான்கு காலில் நடக்கவைத்தபோது, குட்டைக் கைகளுக்கும் நீண்ட கால்களுக்கும் எட்டு வைக்கும் நீளம் ஒத்துவரவில்லை. கை பிறகு எதற்கு? கிளையை வளைத்துப் பிடிக்க, மண்ணைக் கிளற, தேவைப்பட்டால் அந்தக் கட்டைவிரல் நகத்தால் எதிரியைக் கிழிக்க. நடப்பதிலிருந்து விடுபட்ட கைக்கு வேலைக்கா பஞ்சம்.

இவ்வளவு எலும்பு எப்படிக் கிடைத்தது என்று ஆச்சரியப்படுகிறீர்களா? ஹார்மோனிக்கா செய்வதற்குப் பேர்போன டிராஸிங்கன் என்ற சிறு ஊரில் மட்டும் 35 முழு அல்லது ஏறத்தாழ முழு எலும்புக்கூடுகளும், இன்னும் 70 விலங்குகளின் துண்டு துணுக்குகளும் வந்தன. ஃபிராஸ் 1911 முதல் 1913 வரையும், ஃபொன் ஹூனா 1921 முதல் 1923 வரையும், ரைன்ஹோல்ட் சீமான் 1932இலும் தோண்டினார்கள். ஹால்பர்ஷ்டாட்டில் இன்னொரு குவியல். அதில் பெரும்பகுதி இரண்டாம் உலகப் போரில் அழிந்தது. சுவிட்சர்லாந்தின் ஃபிரிக்கில், செங்கல் களிமண் எடுக்கும் குழியில் மூன்றாவது குவியல். பத்தொன்பதாம் நூற்றாண்டில் குவென்ஷ்டெட் என்ற பேராசிரியர் இதை 'ஸ்வேபிய டிராகன்' என்று செல்லமாக அழைத்தார், தென் ஜெர்மனியின் ஸ்வேபியா வட்டாரத்தில் இதன் எலும்பு அவ்வளவு மலிவு.

கூட்டமாகப் பாலைவனத்தைக் கடக்கையில் தண்ணீர் இல்லாமல் மடிந்தன என்றார் ஹூனா. ஆனால் 1992இல் மார்ட்டின் சாண்டர் எலும்புகள் கிடந்த விதத்தை மறுபடி ஆராய்ந்து வேறு கதையைச் சொன்னார். பல எலும்புக்கூடுகள் குப்புறக் கிடக்கின்றன. பின்னங்கால்கள் மடங்கி, மூட்டுக் கலையாமல், உடலின் மற்றப் பகுதியைவிட ஆழத்தில் புதைந்திருக்கின்றன. முதுகும் கழுத்தும் தலையும் சிதறியோ காணாமலோ போயிருக்கின்றன. அருகில் இறைச்சி உண்ணிகளின் உதிர்ந்த பற்கள். உளைச்சேற்றில் இறங்கிய மாட்டைப் பார்த்தவர்களுக்கு இதற்குமேல் விளக்கம் தேவையில்லை. கனத்த விலங்கு சேற்றில் கால் வைக்கிறது, இழுக்க இழுக்க உள்ளே போகிறது, வெளியே தெரியும் பாதியை மற்றவை வந்து தின்கின்றன. ஒரே நாளில் ஒரு மந்தை அல்ல. நீண்ட காலத்தில் ஒவ்வொன்றாக. இந்த எலும்புகள் இருக்கும் செந்நிறக் களிப்படுகை, மழையில் ஊறினால் இன்றும் சரிவுகளில் வழுக்கி இறங்கும். தென் ஜெர்மனியில் வீடு கட்டுபவர்களுக்கு அது தீராத தலைவலி.

இந்த விளக்கம் இன்னொரு புதிரையும் தீர்த்தது: குட்டிகள் எங்கே? ஐந்து மீட்டருக்குக் குறைந்தவை கிட்டத்தட்டக் கிடைக்கவே இல்லை. எடை குறைந்தவை சேற்றிலிருந்து தப்பியிருக்கும். ஃபிரிக்கில் 2015இல் கிடைத்த 'ஃபாபியன்' அந்த விதிக்கு விலக்கு. அது ஏறத்தாழ 2.3 மீட்டர் நீளமுள்ள குட்டி. குட்டியாக இருக்கையில் நான்கு காலிலும் வளர்ந்தபின் இரண்டு காலிலும் நடந்திருக்குமோ என்று ஒரு கேள்வி இருந்தது. 2020இல் வெளியான ஆய்வில் ஃபாபியனின் கைகால் அளவுகள் பெரியவற்றின் விகிதத்தையே ஒத்திருந்தன.

ஃபாபியனைச் சிறிதாக இருக்கிறது என்பதால் மட்டும் குட்டி என்று சொல்லவில்லை என்பதையும் இங்கே சேர்க்க வேண்டும். இந்த விலங்கில் உருவ அளவை நம்ப முடியாது. சாண்டரும் நிக்கோல் கிளைனும் 2005இல் எலும்புகளை மெல்லிய சீவலாக அறுத்து, மரத்தின் ஆண்டு வளையங்கள் போன்ற வளர்ச்சிக் கோடுகளை எண்ணினார்கள். ஒரு விலங்கு 4.8 மீட்டரிலேயே முழு வளர்ச்சி அடைந்து நின்றுவிட்டது. இன்னொன்று பத்து மீட்டரை எட்டியது. இரண்டும் ஒரே இனம். பாலூட்டிகளிலும் பறவைகளிலும் இப்படி நடக்காது. ஆனால் இன்றைய முதலையில் நடக்கும்: தீனியும் வெப்பமும் அமைந்தால் பெரிதாகும், இல்லாவிட்டால் சிறிதாகவே நிற்கும். பின்னால் வந்த ராட்சத நீள்கழுத்து டைனோசர்கள் இந்தப் பழக்கத்தை விட்டுவிட்டு, நிலையாகவும் வேகமாகவும் வளர்ந்தன.

கேட்காத ஒன்றையும் சொல்லிவிடுகிறேன், விட மனமில்லை. 1997இல் நார்வேக்கு அப்பால் வட கடலில், ஸ்னோரா எண்ணெய் வயலில் துளையிட்டு எடுத்த பாறை உருளை ஒன்றில் நசுங்கிய எலும்புத் துண்டு தெரிந்தது. முதலில் ஏதோ செடியின் படிவம் என்றே நினைத்தார்கள். யோர்ன் ஹூரும் என்ற ஆய்வாளரின் குழு அதன் உள்ளமைப்பை ஆராய்ந்து, பிளாட்டியோசாரஸ் எலும்பு என்று 2006இல் அறிவித்தது. கடலடித் தரைக்குக் கீழே 2,256 மீட்டர். அவ்வளவு ஆழத்திலிருந்து வேறெந்த டைனோசர் எலும்பும் அதுவரை வந்ததில்லை. ஒரு கையகல உருளை, இரண்டேகால் கிலோமீட்டர் ஆழம், நடுவில் ஓர் எலும்பு. லாட்டரியில் இப்படி விழுந்தால் நம்ப மாட்டோம்.

இந்தியாவில் இது கிடைத்திருக்கிறதா என்று மகள் கேட்கக்கூடும். பிளாட்டியோசாரஸ் இல்லை. ஆனால் அதே பரந்த வம்சத்தைச் சேர்ந்த, டிரயாசிக் காலத்து ஜக்லபள்ளிசாரஸ், நம்பாலியா இரண்டும் பிராணஹிதா–கோதாவரிப் பள்ளத்தாக்கில் கிடைத்து, 2011இல் பெயர் பெற்றன. அங்கேயே சற்று மேலுள்ள ஜுராசிக் படுகையில் கிடைத்தது தாகூர் பெயரைத் தாங்கிய பாராபாசாரஸ், அதுவோ உண்மையிலேயே நான்கு காலில் நடந்த நீள்கழுத்து டைனோசர். அதன் எலும்புக்கூடு கொல்கத்தாவில் இந்தியப் புள்ளியியல் நிறுவனத்தின் அருங்காட்சியகத்தில் நிற்கிறது.

மகள் படம் வரைவாள் என்றால் மூன்று திருத்தம் மட்டும் சொல்லுங்கள். முதுகு தரைக்கு இணையாக இருக்கட்டும், வால் தரையில் இழுபடாமல் காற்றில் நிற்கட்டும். உள்ளங்கைகள் ஒன்றையொன்று பார்க்கட்டும். காலடியில் பச்சைப் புல்லைத் தீட்டிவிட வேண்டாம். அங்கே செம்மண் களியும் கொஞ்சம் பெரணியும் போதும்.